இலங்கையில் ஆப்பிள் விலை ஏறினால் வாலிகண்டபுரத்துக்கு என்ன?

எங்கள் பகுதியில் இப்போது பத்து உழவர்கள் கூடினால் ஏற்றுமதிப் பேச்சு வராமல் இருப்பதில்லை. டிராகன் பழம் துபாய்க்குப் போகுது, ஜி-9 வாழை ஈரானுக்குப் போகுது, கொய்யா சிங்கப்பூருக்குப் போகுது என்று வாட்ஸ்அப்பில் தினம் ஒரு காணொளி வருகிறது. கடைசியில் ஏக்கருக்கு இத்தனை லட்சம் என்று ஒரு கணக்கு. அதைப் பார்த்துவிட்டு நகையை அடகு வைத்துக் கல்தூண் நட்டவர்கள் இருக்கிறார்கள். நடலாமா வேண்டாமா என்று யோசிப்பவர்கள் அதைவிட அதிகம்.

நான் முப்பது வருஷத்துக்கு மேல் வங்கியில் இருந்தவன். அதில் சில வருஷம் அயல்நாட்டுச் செலாவணிப் பிரிவு. ஓய்வுக்குப் பிறகு வாலிகண்டபுரத்தில் நாலு ஏக்கரில் எலுமிச்சை, கொய்யா, சப்போட்டா, பூவன் வாழை என்று ரசாயனம் இல்லாமல் பயிர் செய்துவருகிறேன். ரெண்டு பக்கமும் தெரிந்தவன் என்பதால், "சார், ஏற்றுமதிக்குப் போனா விலை கெடைக்குமா?" என்று கேட்டு வருகிறார்கள். அவர்களிடம் நான் சொல்வது, முதலில் இலங்கையைப் பாருங்கள் என்பதுதான்.

நம்ம மாதிரி பெரிய நாட்டில் பழத்தின் விலை பத்துக் காரணத்தில் ஏறி இறங்கும். எது எதனால் என்று பிரித்துச் சொல்வது கஷ்டம். சின்னத் தீவு நாட்டில் அப்படி இல்லை. வருகிற பழமும் போகிற பழமும் துறைமுகத்தையோ விமான நிலையத்தையோ தாண்டித்தான் ஆக வேண்டும். அதனால் விலை எந்த இடத்தில் ஏறுகிறது, ஏறிய பணம் யார் கைக்குப் போகிறது என்பது அங்கே தெளிவாகத் தெரியும்.

ஒரு கிலோ ஆப்பிளின் பட்டியல்

இலங்கைக்கு ஆப்பிள், ஆரஞ்சு, திராட்சை, பேரீச்சை எல்லாம் பெரும்பாலும் வெளியிலிருந்துதான் வருகின்றன. பிபிலைத் தோடம்பழமும் யாழ்ப்பாணத்துத் திராட்சையும் அங்கே விளைகின்றன என்றாலும், கொழும்புக் கடையில் அடுக்கியிருக்கும் பளபளப்பான பழத்தில் பெரும்பகுதி கப்பலில் வந்தது.

இந்தப் பழங்களுக்கு அங்கே விசேட பண்ட அறவீடு என்று ஒரு வரி உண்டு. 2007-ஆம் ஆண்டின் 48-ஆம் எண் சட்டப்படி வருவது. பல வரிகளுக்குப் பதிலாக ஒரே வரி, அதுவும் சதவீதத்தில் இல்லாமல் கிலோவுக்கு இத்தனை ரூபாய் என்று. நாடாளுமன்றத்தில் புதுச் சட்டம் போட வேண்டியதில்லை. ஒரு வர்த்தமானி அறிவிப்பு, அதாவது நம்ம அரசிதழ் அறிவிப்பு, ராத்திரி வந்தால் காலையில் விலை மாறிவிடும்.

2022-இல் அந்த நாட்டில் நடந்ததை ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். டாலர் மதிப்பு மட்டும் உண்மை. மற்ற எண்கள் புரிவதற்காக நான் வைத்துக்கொண்டவை.

ஆப்பிள் கொழும்புத் துறைமுகத்தில் இறங்கும்போது கப்பல் வாடகை, காப்பீடு சேர்த்துக் கிலோ 1 டாலர் என்று வைப்போம். வரி கிலோவுக்கு 50 ரூபாய். இறக்குமதி செய்பவர், மொத்த வியாபாரி, கடைக்காரர் மூவருடைய செலவு, அழுகல், லாபம் எல்லாம் சேர்த்து 40 சதவீதம்.

டாலர் 200 இலங்கை ரூபாயாக இருந்தபோது: 200 + 50 = 250. அதன்மேல் 40 சதவீதம் ஏறினால் கடை விலை 350 ரூபாய்.

டாலர் 360 ரூபாயாகி, வரியும் 200 ரூபாய் கூடினால்: 360 + 250 = 610. அதன்மேல் 40 சதவீதம் ஏறினால் கடை விலை 854 ரூபாய்.

ஆப்பிள் விளைவித்த தோட்டக்காரருக்கு இந்த ரெண்டு கணக்கிலும் கிடைப்பது ஒரே டாலர் விலைதான். அவருக்கு ஒரு பைசா கூடவில்லை. கடையில் மட்டும் 504 ரூபாய் ஏறிவிட்டது. அதில் 224 ரூபாய் நாணய மதிப்பு விழுந்ததால் வந்தது, 280 ரூபாய் வரி கூடியதால் வந்தது. கடை விலை ஏறியதைப் பார்த்து 'ஆப்பிள்ல நல்ல காசு' என்று யாராவது சொன்னால், அந்தக் காசு எந்தப் பெட்டியில் விழுந்தது என்று கேட்க வேண்டும்.

இன்னொரு விஷயம். கிலோவுக்கு இத்தனை என்று வரி போட்டால், மலிவுப் பழத்துக்கும் உயர்ரகப் பழத்துக்கும் ஒரே வரி. ஏழை வாங்கும் பொடி ஆப்பிளில்தான் வரியின் பங்கு அதிகம். உலகச் சந்தையில் விலை இறங்கினாலும் வரி இறங்காது. அதற்கும் ஒரு அரசிதழ் வேண்டும்.

2021, 2022: படிப்படியாக என்ன ஆச்சு?

டாலர் தட்டுப்பாடு முதலில் வங்கியில்தான் தெரிந்தது. 2021 செப்டம்பரில் இலங்கை மத்திய வங்கி, அவசியமில்லாத இறக்குமதி என்று 623 பொருட்களைப் பட்டியலிட்டு, அவற்றுக்கு எல்.சி. திறப்பதென்றால் முழுத் தொகையையும் முன்கூட்டியே ரொக்கமாகக் கட்ட வேண்டும் என்றது. ஆப்பிள், ஆரஞ்சு, திராட்சையும் அந்தப் பட்டியலில் இருந்தன.

வங்கிக்கு வெளியே இருப்பவர்களுக்கு இது சின்ன விஷயமாகத் தெரியும். அப்படி இல்லை. சாதாரணமாக ஒரு வியாபாரி 10 முதல் 20 சதவீதம் வரை கட்டி எல்.சி. திறப்பார், பழம் வந்து விற்றபிறகு மிச்சத்தைக் கட்டுவார். முழுத் தொகையும் முதலிலேயே என்றால், கைப்பணம் உள்ள நாலைந்து பெரிய ஆட்கள் மட்டும்தான் தொழிலில் நிற்க முடியும். சின்ன இறக்குமதியாளர் ஒதுங்கிவிடுவார். போட்டி குறைந்தால் விலை என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. அந்த உத்தரவை அடுத்த மாதமே எடுத்துவிட்டார்கள். 2022 மே மாதம் மறுபடியும் அதே மாதிரி உத்தரவு வந்தது.

இடையில் 2022 மார்ச் 7-ஆம் தேதி, 200-ஐ ஒட்டிப் பிடித்து வைத்திருந்த டாலர் மதிப்பைக் கைவிட்டார்கள். மே மாத நடுவில் அது 360 ரூபாயைத் தொட்டது. அதே மார்ச்சில் பழங்கள் உள்பட 367 பொருட்களுக்கு இறக்குமதி உரிமம் வேண்டும் என்றார்கள். பழங்களின் மீதான வரியையும் பெரிதாக உயர்த்தினார்கள். ஏப்ரல் 12-ஆம் தேதி, வெளிநாட்டுக் கடனைத் திருப்பிக் கட்டுவதை நிறுத்துகிறோம் என்று அரசே அறிவித்தது.

2022 செப்டம்பரில் கொழும்பு விலைக் குறியீட்டின்படி உணவுப் பொருட்களின் விலையேற்றம் 94.9 சதவீதம். போன வருஷம் 100 ரூபாய்க்கு வாங்கியது இந்த வருஷம் 195 ரூபாய். அதற்கு அடுத்த வருஷம் செப்டம்பரில் மொத்த விலையேற்றம் 1.3 சதவீதம் என்று செய்தி வந்தது. பலர், 'இலங்கையில் விலை பழையபடி இறங்கிடுச்சு' என்று புரிந்துகொண்டார்கள். அப்படிப் பொருள் இல்லை. ஏறிய விலை ஏறிய இடத்திலேயே நிற்கிறது, அதற்கு மேல் அதிகம் ஏறவில்லை, அவ்வளவுதான். சந்தை நிலவரம் படிக்கும் ஒவ்வொரு உழவரும் இந்த வித்தியாசத்தைத் தெரிந்து வைத்திருக்க வேண்டும். ஏறும் வேகம் வேறு, ஏறி நிற்கும் உயரம் வேறு.

அரசிதழ் எவ்வளவு வேகமாக வேலை செய்யும் என்பதற்கு ஒரு உதாரணம். 2023 மார்ச்சில் ரமலானை ஒட்டிப் பேரீச்சம்பழத்துக்கான அந்த வரியைக் கிலோவுக்கு 200 ரூபாயிலிருந்து 1 ரூபாயாகக் குறைத்தார்கள். நோன்பு இருப்பவர்களுக்கு நல்லதுதான். ஆனால் முதல் நாள் 200 ரூபாய் வரி கட்டிச் சரக்கை இறக்கி வைத்திருந்த வியாபாரி ஒருவர் இருந்திருந்தால் அவர் நிலை என்ன என்று யோசியுங்கள்.

உள்ளூர்ப் பழத்துக்கு லாபம் வந்ததா?

ஆப்பிள் எட்டாத விலைக்குப் போனால் ஜனங்கள் வாழை, பப்பாளி, கொய்யா, மாம்பழம் என்று திரும்புவார்கள். உள்ளூர் உழவருக்கு யோகம். தாளில் இது சரியாகத்தான் இருக்கிறது. ஓரளவு நடக்கவும் செய்தது. ஆனால் எல்லாருக்கும் நடக்கவில்லை.

காரணம் டீசல். 2021 டிசம்பரில் லிட்டர் 121 ரூபாயாக இருந்த டீசல், 2022 ஜூன் கடைசியில் 460 ரூபாய். கிட்டத்தட்ட நாலு மடங்கு. அதுவும் கிடைக்கவில்லை. பம்பு முன்னால் நாள்கணக்கில் வரிசை. தம்புள்ளையில் இருக்கும் பெரிய மொத்தச் சந்தைக்கு லாரி வந்தால்தான் கொழும்புக்குக் காய்கனி போகும். லாரி வராததால் தோட்டத்தில் பழம் அழுக, நகரத்தில் அதே பழம் யானை விலை. உற்பத்தி செய்தவருக்கும் இல்லை, சாப்பிடுபவருக்கும் இல்லை.

இந்த நேரத்தில் தப்பித்தவர்கள் யார்? பக்கத்து டவுனில், சைக்கிளிலோ டிவிஎஸ்-50 மாதிரி வண்டியிலோ கொண்டுபோய் விற்க முடிந்தவர்கள். வெளியில் வாங்கும் இடுபொருள் குறைவாக இருந்தவர்கள். இதைத்தான் நான் செலவில் ஒட்டியிருக்கும் டாலர் என்று சொல்கிறேன். நம்ம வரவில் டாலர் இருக்கிறதா என்று மட்டும் பார்க்கிறோம். செலவில் எவ்வளவு டாலர் ஒட்டியிருக்கிறது என்று பார்ப்பதில்லை. டீசல், யூரியா, பொட்டாஷ், பூச்சிக்கொல்லி, அட்டைப்பெட்டி, பிளாஸ்டிக் கூடை, சொட்டுநீர்க் குழாய் எல்லாவற்றிலும் அது ஒட்டியிருக்கிறது. சாணம், கோமியம், வேப்பங்கொட்டை, பலதானிய விதைப்பு, மூடாக்கு இவற்றில் இல்லை.

உடனே எதிரில் இருப்பவர் கேட்பார்: "அப்ப இலங்கை இயற்கை விவசாயத்துக்குப் போய்த்தானே நாசமாப் போச்சு?" இந்தக் கேள்வி நம்ம எல்லாரையும் துரத்துகிறது, பதில் சொல்லித்தான் ஆக வேண்டும். அங்கே 2021 மே 6-ஆம் தேதி ஒரு வர்த்தமானியில் ரசாயன உரம், பூச்சிக்கொல்லி இறக்குமதியைத் தடை செய்தார்கள். உர இறக்குமதிக்கு ஆண்டுக்கு 40 கோடி டாலர் செலவாகிறது என்று அப்போது சொல்லப்பட்டது. டாலர் கையில் இல்லாததும் ஒரு முக்கியக் காரணம். அந்த நவம்பரிலேயே தடையை விலக்கிக்கொண்டார்கள். அதற்குள் நெல்லும் தேயிலையும் பலத்த அடி வாங்கிவிட்டன. ரசாயனத்துக்குப் பழகிய நிலம் திரும்பி வர மூணு வருஷமாவது வேண்டும் என்பது நம்மில் மாறிய ஒவ்வொருவருக்கும் தெரியும். மாடு வேண்டும், தழை வேண்டும், பழகிய கை வேண்டும். இது எதுவும் இல்லாமல் ஒரே நாளில் நாடு முழுக்க உரத்தை நிறுத்தியது இயற்கை வேளாண்மை ஆகாது. அது இறக்குமதிக் கட்டுப்பாடு. ஆப்பிளை நிறுத்திய மாதிரி உரத்தையும் நிறுத்தினார்கள்.

யாழ்ப்பாணத்தின் பழைய பாடம்

இறக்குமதித் தடையால் வரும் விலை எவ்வளவு நாள் நிற்கும்? இதற்கும் இலங்கையிலேயே ஒரு பழைய சாட்சி உண்டு.

1970 முதல் 1977 வரை சிறிமாவோ பண்டாரநாயக்க அரசு மிளகாய், வெங்காயம் போன்ற பல பொருட்களின் இறக்குமதியை இறுக்கியது. யாழ்ப்பாணத்துச் செம்மண்ணில் கிணற்று நீர் இறைத்துப் பாடுபட்ட தோட்டக்காரர்களுக்கு அது பொற்காலம். செத்தல் மிளகாயும் சின்ன வெங்காயமும் நல்ல விலைக்குப் போயின. திராட்சைப் பந்தல்களும் பரவின. படித்த பிள்ளைகள்கூடத் தோட்டம் செய்ய இறங்கினார்கள். 1977-இல் ஜெயவர்த்தன அரசு வந்து இறக்குமதியைத் திறந்துவிட்டது. மலிவுச் சரக்கு வந்து இறங்கியதும் அந்த விலை போய்விட்டது. தோட்டக்காரரின் உழைப்பு குறையவில்லை, மண் கெடவில்லை, கிணறு வற்றவில்லை. தலைநகரில் ஒரு கொள்கை மாறியது, அவ்வளவுதான்.

அரசிதழால் வந்த விலை அரசிதழாலேயே போகும். அந்த விலையை நம்பி இருபது வருஷம் நிற்கும் மரப்பயிரை வைக்கலாமா என்று யோசிக்க வேண்டும்.

ஏற்றுமதி செய்கிறவருக்கு எவ்வளவு?

இலங்கையிலிருந்து அன்னாசி, பப்பாசி, வாழை, மா, ரம்புட்டான், செவ்விளநீர் எல்லாம் வளைகுடா நாடுகளுக்கும் மாலத்தீவுக்கும் ஐரோப்பாவுக்கும் போகின்றன. அநுராதபுரம் மாவட்டம் ராஜாங்கனையில் உலக வங்கி உதவி பெற்ற திட்டம் ஒன்றில் உழவர்களைக் குழுவாக்கி, அம்புல் வாழையைத் துபாய்க்கு அனுப்புகிறார்கள். அம்புல் என்பது வேறு ஒன்றும் இல்லை, நம்ம பூவன் வகைதான். அவர்கள் கோலிக்குட்டு என்பது நம்ம ரஸ்தாளி. ஆக, துபாய்ச் சந்தையில் நம்ம திருச்சிப் பூவனுக்கும் அவர்கள் அம்புலுக்கும் போட்டி உண்டு என்பதை மனதில் வையுங்கள்.

நாணயம் விழுந்தால் ஏற்றுமதியாளருக்குக் கொண்டாட்டம் என்பார்கள். பப்பாளி கிலோ அரை டாலர் என்று வைத்தால், 100 ரூபாய் கிடைத்த இடத்தில் 180 ரூபாய். 80 ரூபாய் கூடுதல். சரி. ஆனால் விமான வாடகை டாலரில். அட்டைப்பெட்டிக் காகிதம் டாலரில். டீசல் நாலு மடங்கு. மின்சாரம் இல்லாவிட்டால் குளிர்க்கிடங்கு ஜெனரேட்டரில். இதெல்லாம் போக மிஞ்சுவது, உழவருக்கு முதலிலேயே ரூபாயில் விலை பேசியிருந்தால், ஏற்றுமதியாளரிடமே தங்கிவிடும். நாணயம் விழுவதற்கு முன்னால் இன்னொரு கூத்து. வெளிச்சந்தையில் டாலருக்கு அதிகம் கிடைத்த நேரத்தில், வங்கி வழியாக வந்த டாலருக்கு 200 ரூபாயை ஒட்டித்தான் கிடைத்தது. அந்த விலைக்கே மாற்றியாக வேண்டும் என்று 2021 அக்டோபரில் விதியும் வந்தது. விற்றது டாலரில், கையில் வந்தது அரசு சொன்ன மதிப்பில்.

ஒரே வாங்குபவர்: செயின்ட் லூசியாவின் கதை

ஏற்றுமதியை முழுசாக நம்பினால் என்ன ஆகும் என்பதற்குக் கரீபியன் கடலில் ஒரு தீவு இருக்கிறது. செயின்ட் லூசியா. பரப்பளவு 617 சதுர கிலோமீட்டர். நம்ம பெரம்பலூர் மாவட்டத்தில் மூணில் ஒரு பங்கு. அக்கம்பக்கத்துத் தீவுகளான டொமினிக்கா, செயின்ட் வின்சென்ட், கிரெனடாவையும் சேர்த்து விண்ட்வர்ட் தீவுகள் என்பார்கள்.

1950-களிலிருந்து கீஸ்ட் என்ற ஒரே நிறுவனம் இந்தத் தீவுகளின் வாழைப்பழம் முழுவதையும் பிரிட்டனுக்கு வாங்கிக்கொண்டது. முன்னாள் குடியேற்ற நாடு என்பதால் பிரிட்டன் சந்தையில் சலுகை. மலைச்சரிவில் ரெண்டு ஏக்கர், மூணு ஏக்கர் வைத்திருந்த சிறு உழவர்கள் வாரந்தோறும் தார் வெட்டிக் கப்பலில் ஏற்றினார்கள். வாழையைப் பச்சைத் தங்கம் என்றே சொன்னார்கள். வீடு கட்டினார்கள், பிள்ளைகளைப் படிக்க வைத்தார்கள். வேறு பயிர் பற்றி யாரும் பெரிதாக யோசிக்கவில்லை.

லத்தீன் அமெரிக்காவில் அமெரிக்கக் கம்பெனிகளின் ஆயிரக்கணக்கான ஏக்கர் தோட்டங்களில் அதைவிடப் பாதி விலைக்கும் குறைவாக வாழை விளைந்தது. 1996-இல் அமெரிக்காவும் ஈக்குவடார், குவாத்தமாலா, ஹோண்டுராஸ், மெக்சிகோவும் இந்தச் சலுகைக்கு எதிராக உலக வர்த்தக அமைப்பில் வழக்குப் போட்டன. அடுத்த வருஷமே சலுகைக்கு எதிராகத் தீர்ப்பு. பின்னும் இழுத்து இழுத்து, 2009 டிசம்பர் 15-ஆம் தேதி ஜெனீவாவில் உடன்பாடு. டன்னுக்கு 176 யூரோவாக இருந்த வரியை லத்தீன் அமெரிக்கப் பழத்துக்குப் படிப்படியாக 114 யூரோவாகக் குறைக்க ஒப்புக்கொண்டார்கள். அந்த விண்ட்வர்ட் தீவுகளில் 1990-களின் தொடக்கத்தில் 20,000-க்கு மேல் இருந்த வாழை உழவர்கள், பதினைந்து இருபது வருஷத்தில் சில ஆயிரமாகச் சுருங்கிவிட்டார்கள். மிஞ்சியவர்களை நியாய வணிக முத்திரை கொஞ்சம் தாங்கிப் பிடித்தது. 2010 அக்டோபர் கடைசியில் வந்த தாமஸ் புயல் அதிலும் பெரும்பகுதியைச் சாய்த்தது.

இதில் வேதனை என்னவென்றால், கப்பல் கப்பலாகப் பழம் அனுப்பிய அந்தத் தீவுகள் தாங்கள் சாப்பிடுவதில் பெரும்பகுதியை வெளியிலிருந்து வாங்கிக்கொண்டிருந்தன. விற்பதற்கும் கப்பல், சாப்பிடுவதற்கும் கப்பல். ரெண்டு பக்கமும் விலை சொல்வது வேறு ஒருவர்.

நம்ம பக்கம் திரும்புவோம்

இந்தியா தீவு இல்லை என்று ஆறுதல் பட வேண்டாம். இங்கேயும் அரசிதழ் அதே வேலையைச் செய்கிறது. ஆப்பிளுக்கு நம்ம இறக்குமதி வரி 50 சதவீதம். 2019-இல் அமெரிக்க ஆப்பிளுக்கு மட்டும் மேலும் 20 சதவீதம் போட்டு, 2023-இல் அதை எடுத்தார்கள். 2023 மே மாதம், கிலோ 50 ரூபாய்க்குக் கீழ் அடக்கமுள்ள ஆப்பிளை இறக்கக் கூடாது என்று ஓர் உத்தரவு.

வெங்காயம் பழம் இல்லை என்றாலும் நம்ம மாவட்டத்துக்காரர்களுக்கு இதைச் சொன்னால்தான் உறைக்கும். 2023 ஆகஸ்டில் வெங்காய ஏற்றுமதிக்கு 40 சதவீதம் வரி. டிசம்பர் 8 முதல் ஏற்றுமதிக்கே தடை. 2024 மே மாதம் தடை நீங்கியது, வரி நின்றது. 2025 ஏப்ரல் 1-இல்தான் வரியும் போனது. தடை போட்டது வடக்கே பெரிய வெங்காய விலையைப் பார்த்து. ஆனால் செட்டிகுளம் பக்கத்துச் சின்ன வெங்காயமும் அதே கணக்கில் மாட்டிக்கொண்டது. சின்ன வெங்காயத்துக்குத் தனிக் குறியீட்டு எண் கொடுங்கள் என்று நம்ம உழவர்கள் பல வருஷமாகக் கேட்பது இதனால்தான். இலங்கைக்கும் மலேசியாவுக்கும் சிங்கப்பூருக்கும் போய்க்கொண்டிருந்த சரக்கு, ஒரு ராத்திரி அறிவிப்பில் பட்டறையில் தங்கிவிட்டால் வட்டியை யார் கட்டுவது?

கையெழுத்துக்கு முன்னால் கேட்க வேண்டியவை

ஏற்றுமதி கெட்டது என்று நான் சொல்லவில்லை. திருச்சி விமான நிலையம் நமக்கு ரெண்டு மணி நேரத்தில் இருக்கிறது. தூத்துக்குடித் துறைமுகம் இருக்கிறது. வாழை பற்றிச் சந்தேகம் என்றால் திருச்சியில் தேசிய வாழை ஆராய்ச்சி மையம் இருக்கிறது. வாய்ப்பு உண்டு. ஆனால் யாராவது ஒப்பந்தத் தாளை நீட்டினால் கீழ்க்கண்டவற்றைக் கேளுங்கள்.

1. விலை எந்த இடத்தில்? தோட்டத்திலா, பேக்கிங் கூடத்திலா, துறைமுகத்திலா? துறைமுக விலை என்றால் ஏற்றுகூலி, வண்டி வாடகை, வழியில் அழுகல் எல்லாம் உங்கள் தலையில்.

2. கழித்துப்போட்ட பழம் யாருக்கு? அளவு, நிறம், தழும்பு என்று தரம் பிரித்தால் நூறு கிலோவில் எத்தனை கிலோ தேறும் என்பதை எழுத்தில் வாங்குங்கள். மிச்சம் உள்ளூரில் விற்கும் பழமாக இருக்க வேண்டும். பெரம்பலூர் உழவர் சந்தையில் யாரும் கேட்காத பழம் என்றால், கழித்தது அத்தனையும் நட்டம்.

3. பணம் எப்போது? வெளிநாட்டு வியாபாரி ஏமாற்றினால் ஏற்றுமதியாளருக்கு ஈ.சி.ஜி.சி. என்ற அரசு நிறுவனத்தின் காப்பீடு உண்டு, அவர் எடுத்திருந்தால். அவரிடம் கடனுக்குச் சரக்கு கொடுத்த உங்களுக்கு அந்தக் காப்பீடு கிடையாது. 'அங்கிருந்து பணம் வந்ததும் தருகிறேன்' என்ற வரி ஒப்பந்தத்தில் இருந்தால் அந்த இடத்தில் நிறுத்துங்கள்.

4. எந்தச் சான்றிதழ்? நம்மில் பலர் வைத்திருக்கும் பி.ஜி.எஸ். குழுச் சான்று உள்நாட்டு விற்பனைக்கு மட்டும்தான். இயற்கை விளைபொருள் என்று சொல்லி ஏற்றுமதி செய்ய என்.பி.ஓ.பி. சான்று வேண்டும். தமிழ்நாட்டில் அரசின் அங்ககச் சான்றளிப்புத் துறையே அதைத் தருகிறது. ஓராண்டுப் பயிருக்கு ரெண்டு வருஷம், மரப்பயிருக்கு மூணு வருஷம் மாறுதல் காலம். அந்த மூணு வருஷ வருமானம் எங்கிருந்து வரும் என்று முதலில் எழுதிப் பாருங்கள்.

5. வாங்குபவர் ஒருவர்தானா? அவர் வராவிட்டால் அடுத்த ஆள் யார்? பதில் இல்லையென்றால் செயின்ட் லூசியாவை நினைத்துக்கொள்ளுங்கள்.

6. விலை முப்பது சதவீதம் விழுந்தால்? வங்கியில் கடன் மனு வந்தால் நாங்கள் முதலில் செய்வது இதுதான். அவர் எழுதிய விலையில் முப்பது சதவீதத்தை அடித்துவிட்டு, தவணை கட்ட முடியுமா என்று பார்ப்போம். முடியாது என்றால் அந்தத் திட்டம் நல்ல வருஷத்துக்கு மட்டும் ஆனது. நீங்களும் இதைச் செய்யுங்கள். அஞ்சு நிமிஷம்தான் ஆகும்.

எங்கள் ஊரில் ஓர் இளைஞர், மூன்று ஏக்கர் முழுவதையும் ஒரு கம்பெனிக்காக ஏற்றுமதி வாழைக்கு மாற்றும் ஒப்பந்தத்தோடு வந்தார். இந்த ஆறு கேள்வியையும் வைத்துப் பார்த்ததில், இரண்டாவதுக்கும் மூன்றாவதுக்கும் தாளில் பதிலே இல்லை. கடைசியில் ஒரு ஏக்கர் மட்டும் அதற்கு, மீதியில் பூவனும் காய்கறியும் என்று முடிவு செய்தார். ஊடுபயிராக உளுந்து போட்டிருக்கிறார். ஏற்றுமதி போனால் மேல்வரும்படி. போகாவிட்டாலும் அடுப்பு எரியும்.

என் கணக்கில், வெளிநாட்டை நம்பி வைக்கும் பயிர் மொத்த நிலத்தில் கால் பங்கைத் தாண்டக் கூடாது. அந்தக் கால் பங்கும் உள்ளூரில் விற்கக்கூடிய பழமாக இருக்க வேண்டும். மீதி முக்கால் பங்கு முப்பது நாற்பது கிலோமீட்டருக்குள் சாப்பிடும் ஜனங்களுக்கு. இயற்கை உழவருக்கு ஏற்கெனவே உள்ள பலம், செலவில் டாலர் குறைவு என்பதுதான். வரவுக்காக அதை விட்டுக்கொடுத்து, இறக்குமதிக் கன்று, இறக்குமதிப் பந்தல், கடன் என்று போனால் பலம் போய்விடும்.

ஏற்றுமதி ஒப்பந்தம் கையில் வைத்திருப்பவர்கள் அடுத்த மாதக் கூட்டத்துக்கு அதன் நகலைக் கொண்டுவாருங்கள். கம்பெனி பெயரை மறைத்துவிட்டே கொண்டுவரலாம். வரி வரியாக உட்கார்ந்து படிப்போம்.